எட்டாம் நாள் ஓடிய பஸ்

கசகஸ்தான் புல்வெளியில் இருக்கும் எங்கள் ஊரிலிருந்து நிலக்கரிச் சுரங்கத்துக்கு ஷிப்ட் பஸ் ஓட்டுகிறவர் தோலேகன். சுரங்கம் வெடித்து ஒன்பது பேர் இறந்த எட்டாம் நாள், மறுபடி பஸ்ஸை எடுத்தார். இறந்தவர்களின் இடங்களில் யாரும் உட்காரவில்லை. பக்கத்து இருக்கைக்காரர்களும் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். தோலேகனுக்குக் கிளம்ப மனம் வரவில்லை.

கடைசியாக, சுரங்கத்தில் விளக்கு எடுத்துக் கொடுக்கும் குல்யாஷ் ஏறினாள். அவள் கணவனும் அந்த ஒன்பது பேரில் ஒருவன். நேராகப் போய் அவன் இடத்தில் உட்கார்ந்தாள்.

"இந்த ஜன்னலோரத்த அவரு எனக்கு ஒருநாளும் விட்டதில்ல," என்றாள். யாரோ மெல்லச் சிரித்துவிட்டார்கள். "நீங்களும் உக்காருங்கப்பா. தோலேகண்ணே, நேரமாச்சு, வண்டிய எடுங்க."

ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள். தோலேகன் முகத்தைத் துடைத்துக்கொண்டு கியர் போட்டார். பாதி வழியில் குல்யாஷ், கணவனின் ஏழாம் நாள் சடங்குக்குப் பொரித்த ரொட்டியில் மிச்சமிருந்ததைப் பிய்த்து எல்லோருக்கும் கொடுத்தாள்.