பெருமாள் அண்ணன் சட்டைக்குள் கொண்டுவந்த கையுறை

செம்பனை எண்ணெய் ஆலையில் எடை மேடைக்குப் பக்கத்துக் கூண்டுதான் என் வேலையிடம். பழக்குலை ஏற்றிய லோரி மேடையில் ஏறி நிற்கும், நான் எடையை எழுதுவேன். அந்த வெள்ளிக்கிழமை காலை மூன்றாவது லோரி ஏறும்போது கைப்பேசி அதிர்ந்தது. பெருமாள் அண்ணனின் மகன் தர்ஷன். அவன் என்னோடு முகம் கொடுத்துப் பேசி இரண்டு வருடம் ஆகியிருந்தது.

“அங்கிள், அப்பா போய்ட்டாரு. நெஞ்சு வலின்னாரு, ஆஸ்பத்திரி போறதுக்குள்ள முடிஞ்சிருச்சி.”

செவ்வாய்க்கிழமைதான் அண்ணன் எனக்கு மூன்று நிமிடக் குரல் செய்தி அனுப்பியிருந்தார், முழுக்க என் மகன் பந்தை உதைக்கும் லட்சணத்தைப் பற்றி. அவ்வளவு மூச்சு வைத்திருந்த மனிதர். லோரிக்காரர் இரண்டு முறை ஹாரன் அடித்தார். எடையைத் தேதிக் கட்டத்தில் எழுதி அனுப்பிவைத்தேன்.

இதை நம் ‘பந்து பொறுக்கிகள்’ வாட்ஸ்அப் குழுவின் அப்பாக்களுக்காக எழுதுகிறேன். மகன்கள் உதைத்து வேலிக்கு வெளியே போகும் பந்துகளை எடுத்துப் போடுவதுதானே நமக்கு வேலை. அந்தப் பெயரை வைத்தவரும் அண்ணன்தான். நான் படிவம் மூன்றோடு பள்ளியை விட்டவன், நீளமாக எழுதிப் பழக்கமில்லை. ஆனால் அண்ணனைப் பற்றி நீங்கள் ஒன்றை நம்பிக்கொண்டிருக்கிறீர்கள். நானும் நம்பினேன். அது தப்பு.

அவரை முதலில் பார்த்தது கோலா சிலாங்கூர் திடலில், கால்பந்து கிளப்பின் இளையோர் தேர்வு நடந்த அன்று. நான் புக்கிட் ரோத்தானிலிருந்து என் மகன் கிஷோரைக் கூட்டிக்கொண்டு வந்திருந்தேன். வேலியோரம் பக்கத்தில் நின்றவர் ஒரு பொட்டலம் கச்சான் கடலையை உடைத்துத் தின்றுகொண்டிருந்தார். சுங்கை சோ ஊர்க்காரர், ரவாங்கில் ஒரு தொழிற்சாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவர்.

“பையன் என்னா ஆடுறான்?” என்று கேட்டார்.

“கீப்பர்ண்ணே.”

அவர் மெல்வதை நிறுத்தினார். “போச்சு. நம்மளுதும் கீப்பர்.” இன்னொரு கச்சானை உடைத்தார். “மத்தவனுங்க பத்து எடத்துக்கு அடிச்சிக்கலாம். நம்ம ரெண்டு பேருக்கும் ஒரே எடம்லா. இன்னியிலேருந்து நீ எனக்கு எதிரி. இந்தா, கச்சான் சாப்பிடு.”

இரண்டு பேரையுமே கிளப் எடுத்துக்கொண்டது. தர்ஷன் முதல் கீப்பர். என் மகன் இரண்டாவது கீப்பர், அதாவது தண்ணீர்ப் புட்டி அடுக்குகிறவன். இரண்டு பருவம் நான் வெளியூர் ஆட்டங்களுக்கு முப்பது நாற்பது மைல் காடி ஓட்டிப் போய், என் மகன் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தேன். “இந்த மலேசியாவுலேயே ஒம் மவன் மாதிரி ஒக்கார ஆளு கெடையாது. முதுகு எவ்ளோ நேரா இருக்கு பாரு” என்பார் அண்ணன். கோபம் வராது. சொல்லி முடிப்பதற்குள் கச்சானை நீட்டிவிடுவார்.

பெனால்டி வந்தால் அவர் பார்க்கமாட்டார், உங்களுக்கும் நினைவிருக்கும். திடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு எதிரே நிற்கிற ஆளின் முகத்தைப் பார்ப்பார். ஒருநாள் ஏன் என்று கேட்டேன். “கண்ணு பொய் சொல்லும். பந்து கைல பட்டா ஒரு சத்தம் வரும். வலைக்குள்ள போனா பந்துக்குச் சத்தமே இல்ல, ஆளுங்க சத்தம்தான். காது போதும்லா” என்றார். எதிரே நிற்கிற முகம் எப்போதும் என்னுடையதுதான்.

பையன்களுக்குப் பதினெட்டு முடிந்தபோது, மூத்த அணிக்கு ஒரே ஒரு இளம் கீப்பரை ஒப்பந்தம் செய்யப்போகிறோம், மற்றவனை விட்டுவிடுவோம் என்று கிளப் சொல்லிவிட்டது. இரண்டு நட்புமுறை ஆட்டம். முதலாவதில் தர்ஷன், இரண்டாவதில் கிஷோர். தர்ஷன் நன்றாகத்தான் ஆடினான், ஒரு கோல் மட்டும் விட்டான், அதுவும் தடுப்பாட்டக்காரன் காலில் பட்டுத் திசை திரும்பி உள்ளே போனது. ஆகவே கிஷோர் ஒன்றுகூட விடக்கூடாது. கணக்கு அவ்வளவு எளிது. அன்று இரவு என் வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை.

இப்போது நான் செய்த காரியத்தைச் சொல்ல வேண்டும். ஆட்டத்தன்று காலையில் மகனின் புதுக் கையுறையை எடுத்துக்கொண்டு எங்கள் தோட்டத்து முனீஸ்வரர் கோயிலுக்குப் போனேன். பூசாரி அதைச் சாமி காலடியில் வைத்துப் புறங்கைப் பக்கம் சந்தனப் பொட்டு வைத்துக் கொடுத்தார். அதோடு நிறுத்தியிருக்கலாம். எனக்குத்தான் போதவில்லை. பந்து படுவது உள்ளங்கையில்தானே என்று மிச்சச் சந்தனத்தை அங்கே பூசி, அதன்மேல் ஒரு கை திருநீற்றைக் கொட்டி, சப்பாத்தி மாவு தேய்ப்பது போலத் தேய்த்தேன். காய்வதற்குக் காடியின் முன்கண்ணாடிக்குக் கீழே வெயிலில் வைத்தேன். மகனின் பையிலிருந்த பழைய ஜோடியை, அது பெஞ்சிலேயே கிடந்த ராசியில்லாத ஜோடி என்று வீட்டில் எடுத்து வைத்துவிட்டேன்.

கீப்பர் கையுறையின் உள்ளங்கை மெத்தென்ற ரப்பர். அது ஈரமாகவும் சுத்தமாகவும் இருந்தால்தான் பந்து ஒட்டும். அதனால்தான் பையன்கள் துப்பித் துப்பித் தேய்த்துக்கொள்கிறார்கள். நான் அதை வளர்ப்பு சரியில்லை என்று நினைத்திருந்தேன். ரப்பர் தோட்டத்து லயத்து வீட்டில், பால் மரம் வெட்டி ரப்பர்ப் பால் எடுத்தவர்களுக்குப் பிறந்த எனக்கு ரப்பரைப் பற்றி இருந்த அறிவு இவ்வளவுதான்.

ஆட்டம் தொடங்கப் பதினைந்து நிமிடம் இருந்தது. பயிற்சிக்கு அடித்த முதல் பந்து கிஷோர் கையிலிருந்து வழுக்கிப் பின்னால் போனது. இரண்டாவது பந்தும். மூன்றாவதை நெஞ்சோடு அணைத்தும் நிற்கவில்லை. பயிற்சியாளர் தலையைத் திருப்பிப் பார்த்தார். கிஷோர் வேலிக்கு ஓடி வந்தான்.

“அப்பா, கிளவுஸ்ல என்னாப்பா போட்டீங்க?”

“திருநீறுடா. கொஞ்சம் சந்தனம்.”

“உள்ளங்கையிலயா?”

தண்ணீர்ப் புட்டியைத் திறந்து கழுவினோம். திருநீறு குழம்பாகி ரப்பரின் துளைகளுக்குள் இறங்கியது. வெயிலில் காய்ந்த இடம் வெடித்திருந்தது. கல்யாண வீட்டுச் சந்தனக் கிண்ணத்தில் கை விட்டவன் போல நின்றான் என் மகன். “பழசு எங்கப்பா?” என்றான். நான் புட்டி மூடியைத் திருப்பித் திருப்பி மூடினேன். அவனே புரிந்துகொண்டு தலையைக் குனிந்தான். அந்த முகத்தை நான் இன்னும் மறக்கவில்லை.

பெருமாள் அண்ணன் பக்கத்திலேயே நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். கையுறையை வாங்கி மோந்து பார்த்தார். அதை என் கையில் திணித்துவிட்டு, திடலின் அந்தப் பக்கம் தர்ஷன் உட்கார்ந்திருந்த கூரை போட்ட பெஞ்சை நோக்கி நடந்தார். அவர் குனிவது மட்டும் தெரிந்தது. பிறகு ஆட்டக்காரர்கள் மறைத்துவிட்டார்கள்.

அந்த ஐந்து நிமிடத்தில் நான் நினைத்ததை எழுத வெட்கமாக இருக்கிறது. தன் மகனிடம் நல்ல சேதி சொல்லப் போயிருக்கிறார் என்று நினைத்தேன். இன்றைக்கு என் மகன் ஒரு கோல் விட்டால் போதும், ஒப்பந்தம் அவர் வீட்டுக்கு. அவர் இடத்தில் நான் இருந்தால் என்ன செய்திருப்பேன் என்றும் யோசித்தேன். அதனால்தான் அப்படி நினைத்தேன்.

அவர் திரும்பி வந்தபோது சட்டைக்குள் ஏதோ புடைத்திருந்தது. தர்ஷனின் கறுப்புக் கையுறை.

“டே கிஷோர், போடு. ஒரு சைஸ் பெருசு, மணிக்கட்டுல டேப் சுத்திக்க.”

மகன் ஓடினான். நான் கேட்டேன்: “தர்ஷனுக்குத் தெரியுமாண்ணே?”

“நான்தான் எடுத்தாந்தேன். மேல கேக்காத.” என்னைப் பார்க்காமல் சொன்னார்: “எம் பையன் ஒம் பையன ஜெயிக்கட்டும் மணியம், எனக்குச் சந்தோஷம். ஒன் திருநீற ஜெயிச்சான்னு ஆவக்கூடாது.”

முதல் பாதியில் கோல் விழவில்லை. இரண்டாம் பாதியில் ஒரு பந்து கம்பத்தில் அடித்துத் திரும்பியது. இன்னொன்றைக் கிஷோர் விரல் நுனியால் தட்டினான், பெரிய கையுறை கழன்றுவிடும் போல ஆடியது. முடிய எட்டு ஒன்பது நிமிடம் இருக்கையில் எங்கள் தடுப்பாட்டக்காரன் எதிரணி ஆள் ஒருவனைக் கீழே தள்ளினான். பெனால்டி.

அண்ணன் வழக்கம்போல முதுகைத் திருப்பி என் முகத்துக்கு எதிரே நின்றார். பந்து உள்ளே போனால் அவர் மகனுக்கு வாழ்வு. வெளியே வந்தால் என் மகனுக்கு. அவர் என்ன வேண்டிக்கொள்கிறார் என்று அவர் முகத்தில் தேடினேன். தெரியவில்லை. அவருக்கே தெரிந்திருக்காது. வேலிக் கம்பியை அவர் பிடித்திருந்த பிடியில் விரல்கள் வெளுத்திருந்தன.

எதிரணிக்காரன் அடித்தான். நான் எதையும் பார்க்கவில்லை, என் கண் அவர் மேலேயே இருந்தது. சத்தம் மட்டும் வந்தது. ஈரத் துணியைக் கல்லில் அடித்தது போல ஒரு சத்தம்.

“கைதான்,” என்றார். கச்சான் பொட்டலத்தை என்னிடம் நீட்டினார். பாதிக் கச்சான் புல்லில் கொட்டியது.

ஒப்பந்தம் கிஷோருக்குக் கிடைத்தது. தர்ஷனைக் கிளப் விட்டுவிட்டது. கையுறைக் கதை எப்படியோ வெளியே வந்து, நம் குழுவில் என்ன பேச்சு ஓடியது என்று உங்களுக்குத் தெரியும். பெத்த மகன் சோற்றில் மண்ணள்ளிப் போட்டவன் என்று ஒருவர் எழுதினார். மகன் பையிலிருந்து திருடிக் கொடுத்தான் என்று இன்னொருவர். நான் மறுத்து ஒரு வரி எழுதவில்லை. எழுத என்ன இருந்தது? நானும் அதைத்தானே நம்பினேன். அண்ணன் அழைத்தபோதெல்லாம் கைப்பேசியைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன், ஒன்பது நாள்.

பத்தாம் நாள் ஒரு லோரிக்குப் பின்னால் அவருடைய பழைய காடி வந்து எடை மேடையில் ஏறி நின்றது. கண்ணாடியை இறக்கினார்.

“எட போடு. எவ்ளோ எளச்சிருக்கேன்னு பாப்போம்.”

“அண்ணே...”

“போன் எடுக்க மாட்டியாலா? எம் பையன் தோத்தான். சாவு ஒண்ணும் விழல.”

துவைத்து வைத்திருந்த தர்ஷனின் கையுறையை எடுத்துக் கொடுத்தேன். வாங்கவில்லை. “வச்சிக்க. இப்ப வீட்டுக்குக் கொண்டுபோனா திரும்பப் பேச்சு வரும்” என்றார். மகன் கோபமாக இருக்கிறான் என்று அர்த்தம் செய்துகொண்டேன். தர்ஷனும் என்னைக் கண்டால் விலகிப் போனான். கீழ்ப் பிரிவில் ஒரு சின்ன அணியில் சேர்ந்து ஆடினான். அண்ணன் அவன் ஆட்டத்துக்கும் போவார், கிஷோர் பெஞ்சில் உட்கார்ந்திருப்பதைப் பார்க்கவும் வருவார்.

பதினாறாம் நாள் காரியத்துக்குச் சுங்கை சோவுக்குப் போனபோது கையுறையை ஒரு பிளாஸ்டிக் பையில் எடுத்துப் போனேன். பந்தலில் தர்ஷன் நாற்காலி மடக்கிக்கொண்டிருந்தான்.

“தம்பி, இது ஒன்னோடது. அப்பா மேல இன்னும் கோவம் வச்சிக்காதப்பா. அவரு எடுத்துக் குடுத்தது என்னாலதான்.”

அவன் நாற்காலியைக் கீழே வைத்தான். “அப்பா எடுக்கல அங்கிள். நான்தான் குடுத்தேன்.”

நான் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தேன்.

“அவரு வந்து, கிளவுஸ் போச்சிடா அவனுக்கு, என்னாடா பண்ணலாம்னாரு. கேக்கக்கூட இல்ல. நான் பேக்கத் தொறந்து எடுத்துக் குடுத்துட்டேன். நான் குடுத்தேன்னு சொல்லாதீங்கன்னேன். கிஷோருக்குத் தெரிஞ்சா, பாவம் பாத்துக் குடுத்தான்னு நெனப்பான். கை நடுங்கும்.”

“ஆட்டம் முடிஞ்ச பொறவு சொல்லியிருக்கலாமேப்பா?”

“எப்ப சொல்லலாம்னு நான் சொல்லல. அவரும் கேக்கல.” சட்டைக் கையால் முகத்தைத் துடைத்தான். “அப்பறம் எனக்குக் கடுப்பாதான் இருந்திச்சி, பொய் சொல்ல மாட்டேன். ஏன்டா குடுத்தோம்னு. அதான் உங்களப் பாத்தா ஓடிருவேன்.”

“குழுவுல எழுதுனதெல்லாம்?”

“எல்லாம் படிப்பாரு. மண்ணள்ளிப் போட்டவன் வந்திருக்கேன், சோறு போடுன்னு அம்மாகிட்ட சொல்லிச் சிரிப்பாரு.” கையுறையைப் பிரித்து விரலால் அழுத்திப் பார்த்தான். ரப்பர் உதிர்ந்தது. “இதுல இனி பந்து நிக்காது அங்கிள். நீங்களே வச்சிக்கிங்க. இப்ப நீங்க சொல்லிக்கலாம். எல்லார்கிட்டயும்.”

சொல்லிவிட்டேன். அவர் மகனிடம் திருடவில்லை. மகன் மனசறிந்து கொடுத்ததைக் கொண்டுவந்தார், மகன் கேட்டுக்கொண்டபடி வாயை மூடிக்கொண்டார், நாம் எழுதியதை எல்லாம் இரண்டு வருடம் வாங்கிக்கொண்டார்.

அந்த வாயை மூடும் திறமை எனக்கு வராது, இத்தனை பக்கம் எழுதியதிலேயே தெரிந்திருக்கும். கையுறை என் கூண்டில் ஆணியில் தொங்குகிறது. அவரிடமிருந்து இன்னொன்றும் என்னிடம் தங்கிவிட்டது. போன சனிக்கிழமை தர்ஷனின் அணிக்கு ஆட்டம். கிஷோருக்கு அன்று ஆட்டமில்லை, என்னோடு வந்தான். கச்சான் வாங்கிக்கொண்டு தர்ஷனின் கோல் கம்பத்துக்குப் பின்னால் வேலியோரம் நின்றோம். இரண்டாம் பாதியில் பெனால்டி விழுந்தது, தர்ஷனுக்கு எதிராக. நான் யோசிக்கவில்லை, முதுகு தானாகத் திரும்பிக்கொண்டது. எதிரே கிஷோரின் முகம். அவன் என்ன வேண்டிக்கொள்கிறான் என்று தேடவேண்டியிருக்கவில்லை, ‘புடிடா’ என்று உதடே அசைந்தது.

சத்தம் வந்தது.

“கைதான்,” என்றேன்.