மூன்று நாள் பையில் கிடந்த தந்தி

எழுபதுகளின் தொடக்கம். திருகோணமலைத் துறைமுகத்தில் ஒரு கப்பல் ஏஜென்சிக் கந்தோரில் நான் கிளார்க்காக இருந்தேன். புல்மோட்டைக் கனிம மண் ஏற்ற வந்திருந்த ஜப்பானியக் கப்பலுக்கு ஒரு தந்தி வந்தது. கப்டனின் தாய் இறந்துவிட்டார். மூத்த மகனுக்காகத் தகனத்தை நான்கு நாள் தள்ளிவைத்திருக்கிறார்கள். அவரை உடனே கொழும்புக்கு அனுப்பி விமானம் ஏற்றும்படி கப்பல் கம்பனி கேட்டிருந்தது.

மனேஜரிடம் காட்டினேன்.

"கப்டன் போனால் வேற ஆள் வருமட்டும் கப்பல் கிடக்கும். வெளியில இன்னொரு கப்பல் காத்து நிக்குது. மண் ஏத்தி முடியட்டும், பிறகு குடும்."

"தாய் எல்லோ, ஐயா?"

"செத்த மனுசி எங்க ஐசே ஓடப் போறா?"

தந்தியைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன்.

நாங்கள் அதுவரை காணாத புதுக் கருவிகள் நிறைந்த கப்பல் அது. கப்டனின் அறையில் மட்டும், அலுமாரியின் மேல் ஒரு கோப்பைச் சோறு இருந்தது. அதில் சாப்பாட்டுக் குச்சிகள் இரண்டு நட்டபடி நின்றன. அவர்கள் வழக்கமாக்கும் என்று நினைத்தேன். தினமும் காலையில் கப்டன் தானே தேநீர் ஊற்றித் தந்து ஆங்கிலத்தில் கேட்பார்:

"கந்தோரில் ஏதும் செய்தி உண்டா?"

"இல்லை, கப்டன்."

மூன்றாம் நாள் மாலை மண் ஏற்றி முடிந்தது. தந்தியை நீட்டினேன். இரண்டு கைகளாலும் வாங்கித் தலை தாழ்த்தினார். "உங்களுக்குச் சிரமம் தந்துவிட்டேன்" என்றார். அங்கே தகனம் மறுநாள். இனி எந்த விமானமும் நேரத்துக்குப் போய்ச் சேராது.

ரேடியோ அதிகாரி என்னோடு ஏணிவரை வந்தார்.

"அவருக்கு முதல் நாளே தெரியும். ரேடியோவிலும் அறிவித்தார்கள். பயணத்தை ஏஜென்ட் ஒழுங்கு செய்வார் என்று இருந்தது."

"பிறகு ஏன் என்னிடம் கேட்கவில்லை?"

"தினமும் கேட்டாரே. சொந்தக் காரியத்துக்காகக் கப்பலை விட்டுப் போகக் கேட்பது எங்கள் கப்டன்மாருக்கு வெட்கம். அதற்கு மேல் அவர் கேட்கமாட்டார். சோற்றைப் பார்த்தீர்கள்தானே? இறந்தவருக்கு மட்டும்தான் குச்சியை அப்படி நட்டு வைப்போம்."

தகனம் முடிந்ததும் குச்சிகளால் எலும்பு பொறுக்குவார்களாம். அதைத் தொடங்க வேண்டியவர் மூத்த மகன். அவரோ கப்பலோடு போனார்.

என் தாய் இறந்தபோது அதே மனேஜர், செய்தி வந்த நிமிடமே தன் காரில் என்னைப் பாலையூற்றில் இருந்த வீட்டுக்கு அனுப்பினார். நானும் மூத்த மகன். கொள்ளி வைத்தேன்.

கந்தோர்களில் புதிதாகச் சேருகிற பிள்ளைகளுக்காக இதை எழுதுகிறேன். மனேஜர் சொன்னார், செய்தேன் என்று எத்தனையோ வருடம் எனக்கே சொல்லிப் பார்த்துவிட்டேன். தந்தி அவருடைய பையில் இருக்கவில்லை. என்னுடைய பையில் இருந்தது.