இரண்டு கொடிக்கு நடுவில் அம்மாவின் எலும்பு

டோஸ்தா என்றால் மாசிடோனிய பாஷையில் 'போதும்' என்று பொருள். மூன்று பெண்ணுக்குப் பிறகு நான்காவதும் பெண்ணாகப் பிறந்தால் கிரேக்க நாட்டின் வட எல்லையில் ஃபிளோரினா மலைப்பக்கத்து வீடுகளில் வைக்கிற பெயர் அது. பாதிரியார் அந்தப் பெயரைப் பதிவில் ஏற்ற மாட்டேன் என்று டெஸ்பினா என்று எழுதிக்கொண்டார். ஊருக்கும் அதே கதிதான். முப்பாட்டன் காலத்திலிருந்து க்ருஷாரி என்று சொல்லிவந்த ஊரை ஒரே உத்தரவில் கிரேக்க அதிகாரிகள் அஹ்லாதியா ஆக்கினார்கள். பெயரை மாற்றினால் ஆளும் மாறிவிடுவான் என்று நம்பிய மேதாவிகள்!

டோஸ்தாவின் அம்மா மித்ராவுக்குச் சாகும்வரை கிரேக்கம் வரவில்லை. யார் சொல்லிக் கொடுத்தார்கள், வருவதற்கு? கல்யாணமான புதிதில் ஒருநாள் வழிதவறிய ஆட்டைத் தன் பாஷையில் அதட்டியிருக்கிறாள். அதைக் கேட்ட போலீஸ்காரன் ஸ்டேஷனுக்கு இழுத்துப்போய், வாயைப் பிளந்து, விளக்கெண்ணெயை ஊற்றி அனுப்பினான். வீடு வந்து சேர்வதற்குள் பாவாடை நாசம். ஆட்டோடுகூடக் கிரேக்கத்தில்தான் பேச வேண்டுமாம். தூ!

நான்கு பெண்ணுக்கு அப்புறம் பிறந்தவன் நவூம். உள்நாட்டுப் போரில் விமானங்கள் குண்டு போட ஆரம்பித்ததும், மலையில் இருந்த கெரில்லாக்கள் ஊர்க் குழந்தைகளைத் திரட்டி எல்லைக்கு அப்பால் கொண்டுபோனார்கள். நவூமுக்கு அப்போது ஐந்து வயது. ஆடு மேய்க்க ஆள் வேண்டுமென்று டோஸ்தாவை மட்டும் மித்ரா தன்னோடு வைத்துக்கொண்டாள். சண்டை ஓய்ந்ததும் பிள்ளைகள் வந்துவிடுவார்கள் என்றார்கள். சண்டை ஓய்ந்தது. பிள்ளைகள் வரவில்லை, வர விடவில்லை. பல காலம் கழித்து ஒரு சட்டம் வந்தது. அதிலும் கிரேக்க இனத்தவர்கள் மட்டும் திரும்பலாம் என்று ஒரு வரி. மூத்த பெண்கள் மூவரும் எங்கெங்கோ சிதறிப்போனார்கள், நவூம் எல்லைக்கு அப்பால் மாசிடோனியாவின் பிட்டோலாவில் ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தான். பஸ்ஸில் ஒரு மணி நேரம்தான். அம்மாவுக்குப் பாஸ்போர்ட் தரவில்லை, மகனுக்கு அனுமதி தரவில்லை. இப்படியே பார்வை மங்கி, பல் கொட்டி, மித்ரா படுக்கையில் விழுந்தாள்.

படுத்தவள் கேட்டது ஒன்றே ஒன்று. அங்கே புதைத்த பிணத்தைச் சில வருடம் கழித்துத் தோண்டி எடுத்து, எலும்பைச் சிவப்பு ஒயினால் கழுவி, பெட்டியில் போட்டுக் கோயிலின் எலும்பறையில் வைப்பார்கள். மகன் இருந்தால் மகன்தான் கழுவ வேண்டும்.

"என்னை நவூம் கழுவணும்டி. அப்புறம் உங்கப்பா பக்கத்துல வச்சிடு. வேற ஒண்ணும் வேணாம்" என்றாள் மித்ரா.

அவள் செத்த அன்று தந்தி கிடைத்து நவூம் கறுப்புக் கோட்டோடு எல்லைக்கு ஓடிவந்தான். சாவடியில் இருந்தவன் பாஸ்போர்ட்டைப் புரட்டினான். "பிறந்த ஊர் க்ருஷாரியா? அப்படி ஒரு ஊரே கிடையாதே" என்று திருப்பி நீட்டினான். பொழுது சாய்வதற்குள் புதைத்தாக வேண்டும். பெட்டியை மூடாமல் டோஸ்தா பாதையைப் பார்த்தபடி நின்றாள். கடைசியில் மகன் முகம் காணாமலே மண் விழுந்தது.

முன்கூட்டியே சாவடிக்கு ஃபோன் போட்டு, "அந்த ஆள் பிரிவினைக்காரன், விடாதீங்க" என்று சொன்னவன் ஊர்த் தலைவர் லாம்ப்ரோஸ். டோஸ்தா துப்பறிந்து கண்டுபிடிக்கவில்லை, அவனே காப்பிக்கடையில் பெருமையடித்துக்கொண்டான். இத்தனைக்கும் அவனைப் பெற்றவளும் மித்ராவும் ஒரே பாஷையில் ஒரே கிணற்றடியில் வம்பளந்தவர்கள்தான். அவன் கார்க் கண்ணாடியில் 'மாசிடோனியா கிரேக்கத்துக்கே' என்று நீல ஸ்டிக்கர். அலெக்சாந்தர் யாருக்குச் சொந்தம் என்று கேட்டால் மேஜையைக் குத்துவான். இரண்டாயிரம் வருடத்துக்கு முன்னால் செத்த ராஜாவுக்காக உயிரை விடுவான். நேற்றுச் செத்த கிழவிக்கு அவள் மகனைக் காட்ட மாட்டான். ஆனால் பல் கட்டப் போவது பிட்டோலாவுக்கு, அங்கே மலிவு. டாக்டரிடம் எந்தப் பாஷையில் பேரம் பேசுவான் என்று நினைக்கிறீர்கள்? அம்மா பாஷையில்தான்!

ஆறு வருடம் போயிற்று. டோஸ்தாவுக்கு எப்படியோ பாஸ்போர்ட் கிடைத்தது. நவூமுக்கு மட்டும் கதவு திறக்கவில்லை. மகன் வர முடியாவிட்டால் அம்மா போகட்டும் என்று அவள் தீர்மானித்தாள்.

வசந்தகாலத்தில் குழியைத் தோண்டினார்கள். எலும்பெல்லாம் சுத்தமாக, மெழுகு நிறத்தில் வந்தது. பாதிரியார் ஜெபத்தை முடித்துவிட்டு, "ஒயின் எங்கம்மா?" என்றார்.

"வீட்டுல கழுவிக்கிறேன் சாமி. பெட்டியோட கொண்டுவந்து வைக்கிறேன்."

அவர் ஒரு நொடி அவளைப் பார்த்தார். புரிந்துவிட்டது. "நான் எதையும் கேக்கல, நீயும் எதையும் சொல்லல" என்று அங்கியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடந்துவிட்டார். அவருடைய தைரியம் அவ்வளவுதான்.

வெள்ளைத் துணியில் சுற்றி, மேலே மிளகாய் வற்றல் சரத்தைப் போட்டு மூடி, பையை மடியில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாள். சாவடியில் ஒரு இளவட்டம் பையைத் திறந்து, வற்றலை நகர்த்தி, துணியை விலக்கிப் பார்த்துவிட்டு வெளிறிப்போனான்.

"யார் இது?"

"எங்கம்மா. இவங்களுக்கும் பாஸ்போர்ட் வேணுமா தம்பி?"

அவன் சிலுவை போட்டுக்கொண்டு அவசரமாகப் பையை மூடிக் கையசைத்தான். அந்தப் பையனுக்கு மட்டும் அன்று கொஞ்சம் மனிதத்தனம் மிச்சம் இருந்தது.

பிட்டோலா பஸ் நிலையத்தில் நவூம் தனியாக நிற்கவில்லை. பக்கத்தில் அகதிகள் சங்கத்துத் தலைவர் தோமே, ஒரு ஃபோட்டோக்காரன், போதாக்குறைக்கு மாசிடோனியாவின் பழைய சூரியக் கொடி. நவூம் முகத்தை நிமிர்த்தவே இல்லை.

"வாங்கம்மா, வாங்க!" என்று தோமே இரண்டு கையையும் விரித்தார். "மகத்தான தியாகத் தாய்! கொடியைப் போத்தி மண்டபத்துல வச்சு, நாலு பேரு பேசி, நம்ம வீரர்கள் நினைவிடத்துலேயே அடக்கம் பண்ணிடுவோம்."

"எங்கம்மா எந்தப் படையிலயும் சேரலியே. ஆடு மேச்சாங்க."

"அதெல்லாம் நாங்க எழுதிக்கிறோம்மா. அலெக்சாந்தர் வாரிசுங்க நாம, நம்ம தாயும்..."

அங்கேயும் அலெக்சாந்தரா! அந்தப் பக்கம் லாம்ப்ரோஸ், இந்தப் பக்கம் இந்த ஆள். நாற்பது வருடமாக அம்மாவைத் திரும்பிப் பார்க்காதவர்களுக்கு அவள் எலும்பு மட்டும் இப்போது இனிக்கிறது. தோமே கொடியை விரித்துப் பையின் மேல் போட்டார். டோஸ்தா உதறி எறிவதற்குள் ஃபோட்டோக்காரன் பளிச்சென்று ஒன்று எடுத்துவிட்டான்.

"நவூம், இவங்கள நீதான் வரச் சொன்னியா?"

"அக்கா... ரொட்டிக்கடை லைசன்ஸு, குடியிருக்கிற வீடு, எல்லாம் இவரு தயவுலதான் கிடைச்சுது. வேணாம்னு எப்படிக்கா சொல்றது?"

"வாயால சொல்றது. உனக்கு வரலன்னா விடு, இதே பஸ்ல நான் திரும்பிப் போறேன். அம்மா ஆசை அம்மாவோட போகட்டும்." அவள் நிஜமாகவே படியில் கால் வைத்துவிட்டாள்.

நவூம் தோமேயைப் பார்த்தான், அக்காவைப் பார்த்தான். திரும்பவும் தோமேயைப் பார்த்தான். அந்தப் பார்வையை டோஸ்தா கடைசிவரை மன்னிக்கவில்லை. பெற்றவளைக் கையில் வாங்க ஒருத்தனுடைய உத்தரவுக்குக் காத்திருந்த தம்பி! ஆனாலும் கடைசியில் அவன் கையை நீட்டிப் பையை வாங்கிக்கொண்டான். "நீங்க போங்க, தலைவரே" என்றான். குரல் அவ்வளவு மெல்லியதாக வந்தது.

அவன் வீட்டுச் சமையலறையில் ரொட்டி மாவு பிசைகிற தொட்டியில் ஒயினை ஊற்றினார்கள். நவூம் சட்டைக் கையை மடித்துவிட்டு, தலையிலிருந்து ஆரம்பித்து ஒவ்வொன்றாகக் கழுவினான். பாதியில், கழுவி வைத்த மண்டையோட்டைத் திரும்ப எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டு, "அம்மா இவ்வளவு சின்னவளாக்கா?" என்று குழந்தையாட்டம் அழுதான். டோஸ்தாவும் அழுதாள். அந்த ஒரு மணி நேரத்துக்காக மட்டும் இரண்டு நாட்டையும் மன்னிக்கலாம் போல அவளுக்கு இருந்தது.

கழுவிய எலும்பைப் பெட்டியில் போட்டுக்கொண்டு ஊர் திரும்பிய பிறகு அந்த எண்ணம் நிலைக்கவில்லை. எடுத்த ஃபோட்டோவை தோமே சும்மா விடுவாரா? பிட்டோலாப் பத்திரிகையில் கொடி போர்த்திய பை, பக்கத்தில் டோஸ்தா, மேலே பெரிய எழுத்தில் தியாகத் தாய். பல் டாக்டர் வீட்டில் அதைப் பார்த்த லாம்ப்ரோஸ் கத்தரித்துச் சட்டைப் பையில் கொண்டுவந்துவிட்டான். டோஸ்தா பெட்டியோடு கோயிலுக்குப் போனபோது எலும்பறைக் கதவில் புதுப் பூட்டு. முன்னால் லாம்ப்ரோஸ்.

"டெஸ்பினா, வெளிநாட்டுக் கொடி போத்தின எலும்பு இங்க வராது. பஞ்சாயத்து முடிவு."

"உள்ள எங்கப்பா இருக்காருய்யா. அவரு பக்கத்துல வைக்கணும்னு செத்தவ கேட்டுட்டுப் போனா."

"இது உங்கம்மா எலும்புதான்னு என்ன நிச்சயம்? அவனுங்க எவனோடதையாவது மாத்திக் குடுத்திருந்தா?"

"உங்கம்மா உள்ளதான் இருக்கா. அவ எந்தப் பாஷையில உனக்குத் தாலாட்டு பாடினா? சொல்லு பாப்போம். புதுப் பல்லத் திறந்து சொல்லேன்!"

அவன் முகம் சிவந்தது. பூட்டு திறக்கவில்லை. பின்னால் நின்ற பாதிரியார் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். வாசலில் நின்ற அத்தனை பேருக்கும் டோஸ்தா சொன்னது புரியும், அத்தனை பேர் வீட்டிலும் அதே பாஷைதான். ஒவ்வொருத்தராகக் கலைந்து போனார்கள். அவள் கல்படியில் காறித் துப்பிவிட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

பெட்டியை அடுப்படி அலமாரியில், மாவுப் பானைக்குப் பக்கத்தில் வைத்தாள். பிட்டோலாவுக்கு அனுப்பலாம் என்றால் தோமே நினைவிடத்தோடு காத்திருந்தார். அப்பா பூட்டுக்கு உள்ளே இருந்தார். ஆகவே அம்மா அடுப்படியிலேயே இருந்தாள்.

செத்தவர்களுக்குக் கோதுமை வேகவைத்துப் படைக்கும் சனிக்கிழமை வந்தது. ஊரே கோயிலுக்குப் போய்க்கொண்டிருக்க, டோஸ்தாவின் கொல்லைக் கதவு மெல்லத் தட்டப்பட்டது. லாம்ப்ரோஸின் பெண்டாட்டி ஃபானி, சால்வைக்குள் மறைத்த கிண்ணத்தோடு நின்றாள்.

"அக்கா, மித்ரா பெரியம்மாவுக்குன்னு எடுத்தாந்தேன். சின்னதுல என்னைத் தூக்கி வளத்தவங்க. அவருக்குத் தெரிஞ்சா என்னைக் கொன்னே போட்டுடுவாரு. யார்கிட்டயும் சொல்லிடாதக்கா."

அம்மா பாஷையில்தான் சொன்னாள், அதையும் காதோடு காதாக. டோஸ்தா கிண்ணத்தைப் பார்த்தாள். மேலே சர்க்கரையில் சிலுவை கூடப் போட்டிருந்தது, நல்ல வேலைப்பாடு.

"பெரியம்மாவுக்குத்தானே? அப்ப சுத்தி வந்து தெரு வாசல் வழியா கொண்டா. நாலு பேரு பாக்கக் கொண்டா. நான் திறந்து வைக்கிறேன்."

ஃபானி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். தலையை ஆட்டியது சரி என்பதற்கா, முடியாது என்பதற்கா, தெரியவில்லை. டோஸ்தா போய்த் தெருக்கதவை அகலத் திறந்து, நாற்காலி போட்டு உட்கார்ந்தாள். கோயில் மணி அடித்து ஓய்ந்தது, சனங்கள் திரும்பிப் போனார்கள். போகிறவர்கள் எல்லாரும் திறந்த கதவைப் பார்க்காமல் தரையைப் பார்த்து நடந்தார்கள். ஃபானி வரவில்லை.

எழுந்து கொல்லைப் பக்கம் போனாள். ஃபானி கிண்ணத்தைப் படிக்கட்டில் வைத்துவிட்டுப் போயிருந்தாள். டோஸ்தா அதை எடுத்துச் சிலுவையோடு கோழிகளுக்குக் கொட்டினாள்.