வாசலில் கிடந்த செருப்பு

நாஜிகளிடமிருந்து யூதக் குழந்தைகளை வீட்டில் ஒளித்துக் காத்தவர்களைப் பற்றிப் படிக்கும்போது, அதைப் பார்த்தும் வெளியே சொல்லாத பக்கத்து வீட்டாரைத்தான் நினைத்துக்கொள்கிறேன். காரணம் ஒரு சம்பவம்.

விராலிமலையில் ஒரு தொழிற்சாலையில் தரப் பரிசோதகராக இருக்கிறேன். தனியாக வாடகை வீடு. கட்டாயக் கல்யாணத்துக்குப் பயந்து, தோழியின் பத்தாவது படிக்கும் தங்கை ஒருநாள் என்னிடம் ஓடிவந்தாள். அவளை உள்ளறையில் உட்கார வைத்தேன், ஜன்னல்களைச் சாத்தினேன், குழந்தைகள் உதவி எண்ணுக்குப் பேசினேன். எதையும் விடவில்லை என்றே நம்பினேன்.

அதிகாரிகள் வருவதற்கு முன்பே அவளுடைய மாமா வந்துவிட்டார்.

"ஒத்தையில இருக்கிற புள்ளைக்கு ரெண்டு ஜோடிச் செருப்பு எதுக்கு?"

அவள் வழக்கம்போல் வாசலிலேயே கழற்றியிருந்தாள்.

அதுவரை என்னோடு பேசியிராத பக்கத்து வீட்டு அக்கா வெறுங்காலோடு வந்தார்.

"என்னோடதுங்க. கொழம்பு குடுக்க வந்து மறந்துட்டுப் போயிட்டேன். பொம்பளைங்க செருப்ப எண்ணிக்கிட்டு நிக்கிறீங்களே, வெக்கமா இல்ல?"

அதை மாட்டிக்கொண்டு நடந்தார். குதிகால் பாதி வெளியே நின்றது. மாமா தலையைக் குனிந்துகொண்டு போனார்.

மாலையில் அதிகாரிகள் அவளைப் பாதுகாப்பாக அழைத்துப் போனார்கள். மறுபடியும் நான் மட்டும். சுவருக்கு அந்தப் பக்கம் குக்கர் விசிலடித்தது. இரண்டு வருடமாகக் கேட்ட சத்தம்தான். அந்த அக்காவின் பெயரைக்கூட நான் கேட்டதில்லை என்பது அப்போதுதான் உறைத்தது.