அழகுமலை வீட்டுத் தண்ணீர்

ரோடு அகலமாவதில் அழகுமலைக்கு வருத்தமே கிடையாது. பெருமாள்மலைக்குக் கீழே, அவருடைய காபித் தோட்டத்தை ஒட்டிய வளைவில், சீசன் நேரத்தில் வண்டிகள் மணிக்கணக்கில் முட்டிக்கொண்டு நிற்பதை அறுபது வருடமாகப் பார்க்கிறவர் அவர். இருபது சென்ட் எடுக்கப் போவதாக நோட்டீஸ் வந்தபோதுகூட, "எடுத்துட்டுப் போகட்டும்" என்றுதான் சொன்னார். அந்த இருபது சென்ட்டோடு ஊற்றும் போகிறது என்று தெரிந்த பிறகுதான் ஆடிப்போனார். வீட்டுக்கும் தோட்டத்துக்கும் அது ஒன்றுதான் தண்ணீர்.

எதிர்ப்பக்கம் புறம்போக்குதான், பத்தடி தள்ளிப் போட்டால் ஊற்று தப்பிவிடும் என்று ஆட்சேபணை எழுதிக் கொடுத்தார். வந்த பதிலைப் படித்துவிட்டு அன்று சாப்பாட்டைத் தொடவில்லை. 'மேற்படி ஊற்று பொதுக் குழாய். மனுதாரருக்கு அதில் உரிமை இல்லை.'

எல்லாம் அவருடைய அப்பா செய்த வேலை. மலையேறும் பஸ்களுக்கு அந்த வளைவு வரும்போது ரேடியேட்டர் கொதித்துவிடும். பாவம் பார்த்து ஊற்றிலிருந்து ரோட்டோரம் வரை ஒரு குழாய் இழுத்துவிட்டார். அளக்க வந்தவர்களும் அதில்தான் முகம் கழுவினார்கள், பாட்டிலில் பிடித்துக்கொண்டார்கள், போய் பொதுக் குழாய் என்று எழுதிவிட்டார்கள். நல்லது செய்தவன் தலையில் கல்லைப் போடுவது என்றால் இதுதான்.

"நம்ம தண்ணியக் குடிச்சுப்புட்டு நம்மளுதே இல்லைன்னு எழுதிருக்கானுக!" என்று மனைவி பாப்பம்மாளிடம் குதித்தார்.

"எங்கிட்ட ஏன் கத்துறீங்க? மதுரைக்குப் போயி கோர்ட்டுல கத்துங்க."

போனார். ஒன்றரை வருடம் வாய்தா வாய்தாவாக அலைந்து செருப்புத் தேய்ந்ததுதான் மிச்சம் என்றிருந்தபோது, அதிகாரி நேரில் வந்து இடத்தைப் பார்த்து மறுபடி விசாரிக்கட்டும் என்று உத்தரவானது. வக்கீல் செலினா கறாராகச் சொல்லிவிட்டார்: "அவங்க வர்ற அன்னைக்கு அந்தக் குழாய் பூட்டிக் கெடக்கணும். யாராவது வந்து தண்ணி பிடிச்சாங்கன்னா கேஸ் அவ்வளவுதான் சார்."

அதிகாரி வருகிற அன்று வெள்ளனே எழுந்து, குழாய் வாயை இரும்புப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டினார். செலினாவும் வந்து சேர்ந்தார். அதிகாரி வந்து பூட்டை ஒரு தரம் பார்த்தார், குறிப்பெழுதத் தொடங்கினார்.

அந்த நேரம் பார்த்துத்தானா வரவேண்டும்! கொடைக்கானல் பஸ் ஒன்று ஆவி கக்கிக்கொண்டு வந்து நின்றது. டிரைவர் சேனாதிபதி காலி கேனோடு குதித்தார்.

"அண்ணே, என்ன பூட்டிக் கெடக்கு? வெரசாத் தொறங்க, அம்பது பேரு உள்ள இருக்காக!"

செலினா கண்ணாலேயே வேண்டாம் என்றார். அழகுமலைக்குப் பற்றிக்கொண்டு வந்தது. டிரைவர் மேல், அதிகாரி மேல், எல்லாரையும்விட செத்துப்போன அப்பா மேல். பஸ்ஸுக்குள் ஒரு கைக்குழந்தை வீறிட்டது.

"எழவு, இதே சோலியாப் போச்சு" என்று முனகிக்கொண்டே மடியிலிருந்து சாவியை எடுத்தார்.

கேன் நிறைந்தது. அதிகாரி சிரித்தார். "அப்ப இது பொதுக் குழாய்தானே?"

"எழுதிக்கங்க. ஆனா பூட்டுனது யாரு, அந்த ஆளு யாருகிட்ட வந்து தொறங்கன்னு கேட்டாருன்னும் சேத்து எழுதுங்க. பொதுக் குழாய்க்கு எவன்யா அனுமதி கேப்பான்?" என்றார் அழகுமலை.

அதிகாரியின் பேனா நின்றுவிட்டது. செலினா நோட்டைத் திறந்துகொண்டு டிரைவரிடம் ஓடினார்.

"அண்ணே, ஒரு நிமிஷம். உங்க முழுப் பேரும் விலாசமும் சொல்லுங்க."