மோட்டார் கொட்டாயில் அவள் சொன்னது

அன்று இருந்தவர்கள் இவர்கள். ஊர்ப் பெரியதனக்காரர். மாரியம்மன் கோயில் தர்மகர்த்தா. கரும்புக் கொல்லைக்காரர். வெட்டு மேஸ்திரி. மேஸ்திரியின் மச்சான். பஞ்சாயத்து நோட்டு எழுதுகிறவர். டிராக்டர் டிரைவர். மலையிலிருந்து கரும்பு வெட்ட வந்திருந்த கூலியாள் செட்டில் ஆண்கள் ஐந்து பேர். அவளுடைய புருஷன். அவளுடைய மாமனார். அவள். நான். மொத்தம் பதினாறு பேர். அதில் பெண் ஒருத்தி. செட்டில் இன்னும் ஆறு பெண்கள் இருந்தார்கள். அவர்களைச் சோறாக்குகிற இடத்திலேயே இருக்கச் சொல்லிவிட்டார்கள்.

உட்காருவதற்கு யூரியா சாக்குகளைக் கொண்டுபோய் விரித்தவன் நான். தண்ணீர்த் தொட்டி விளிம்பில் சிலர் உட்கார்ந்தார்கள், மற்றவர்கள் சாக்கில் உட்கார்ந்தார்கள். ஒரு சாக்கு மிச்சம் இருந்தது. அதை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு நின்றேன். அவள் எனக்கு எதிரில் நின்றாள். அவளை நிற்கச் சொன்னவர் யாரும் இல்லை, உட்காரச் சொன்னவரும் இல்லை. அந்தச் சாக்கை அவளுக்கு விரித்திருக்கலாம் என்று அன்று எனக்குத் தோன்றவே இல்லை.

எங்கள் ஊர் கச்சிராயபாளையத்துக்குக் கீழே, கோமுகி அணைத் தண்ணீர் பாய்கிற ஊர். நான் அங்கே தலையாரி. படிப்பு மூன்றாம் வகுப்பு. பஞ்சாயத்து என்றால் கோயில் வாசலில்தான் கூடும். இது அங்கே வைத்துப் பேசுகிற சமாச்சாரம் இல்லை என்று தர்மகர்த்தா சொன்னதால் கொல்லையில் இருந்த மோட்டார் கொட்டாய்க்கு வந்தோம். எங்கள் ஊர் வழக்கம் ஒன்று இருந்தது. அடுத்த வீட்டுப் பெண்ணிடம் பெரியவர்கள் நேராகக் கேள்வி கேட்க மாட்டார்கள். பெண்ணும் சபையில் சத்தமாகப் பேசக் கூடாது. நடுவில் தலையாரி நிற்பான். அவர்கள் கேட்பதை அவளிடம் கேட்பான். அவள் மெதுவாகச் சொல்வதைச் சபைக்குச் சத்தமாகத் திருப்பிச் சொல்வான். என் அப்பாவும் அதைத்தான் செய்தார். வாய்தான் நம்முடையது, பேச்சு அவர்களுடையது என்று எனக்குச் சொல்லிக் கொடுத்தார்.

ஊரில் அவளை மலைக்காரி என்றார்கள். அவள் என்னை அண்ணா என்று கூப்பிட்டாள். அதனால் தங்கச்சி என்றே எழுதுகிறேன். இருபத்திரண்டு வயது இருக்கலாம். கை இரண்டிலும் முழங்கை வரை கரும்புச் சோகை இலை கிழித்த கீறல். கரும்பு வெட்டுகிறவர்கள் எல்லார் கையிலும் அந்தக் கீறல் இருக்கும். அதனால் அவளுடையதை யாரும் பார்க்கவில்லை. கழுத்தில் இருந்த காயத்தைத் துண்டால் மூடியிருந்தாள். முந்தின நாள் வரிசை பிரித்துவிட்டபோது மேஸ்திரி அவளுக்கு வாய்க்கால் ஓரத்துக் கடைசி வரிசையைக் கொடுத்திருந்தான். அவள் புருஷனை டிராக்டருக்குக் கட்டு ஏற்ற அனுப்பிவிட்டான். இவை எல்லாருக்கும் தெரியும். யாரும் இதைக் கேள்வியாகக் கேட்கவில்லை.

மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. கரண்ட் வருவதே கொஞ்ச நேரம், அதை நிறுத்தக் கொல்லைக்காரருக்கு மனசு வரவில்லை. பெரியதனக்காரர் என்னைப் பார்த்து, “இன்னா நடந்துச்சின்னு கேளு” என்றார். நான் அவள் பக்கத்தில் போய்க் கேட்டேன். அவள் அழவில்லை. என் முகத்தைப் பார்த்துச் சொன்னாள்.

“வாயப் பொத்தி கரும்புக்குள்ள இழுத்துக்கினு போயி கெடுத்துட்டான்.”

மோட்டார்ச் சத்தத்தில் அது வேறு யார் காதிலும் விழவில்லை. நான் திரும்பினேன். எல்லாரும் என் வாயைப் பார்த்தார்கள். அவள் மாமனார் தரையைப் பார்த்தார். நான் சத்தமாகச் சொன்னேன்: “கையப் புடிச்சி இழுத்தாராம்.”

இழுத்தான் என்றுகூடச் சொல்லவில்லை. இழுத்தாராம் என்றேன். அவளுக்கு நல்லது செய்வதாகத்தான் அப்போது நினைத்தேன். கல்யாணமான பெண், இது வெளியே வந்தால் எப்படி வாழும் என்று நினைத்தேன். பல வருஷம் அப்படியே சொல்லிக்கொண்டேன். உண்மை அதுவல்ல. அந்த வார்த்தையை என் வாயால் சொல்ல எனக்குக் கூச்சம். அவ்வளவுதான். நான் சொன்னதும் அவள் புருஷன் தலையைத் தூக்கி மூச்சு விட்டான். மேஸ்திரி என்னை ஒரு முறை பார்த்தான். உதவி செய்த ஆளைப் பார்க்கிற பார்வை. அதை இன்றைக்கும் என்னால் துடைக்க முடியவில்லை.

நோட்டு எழுதுகிறவர் நான் சொன்னதை எழுதினார். மேஸ்திரி கோயிலில் தேங்காய் உடைத்து, இனிமேல் இப்படி நடக்காது என்று சொல்ல வேண்டும் என்று தீர்ப்பு. டிராக்டர் டிரைவர், “கைய இழுத்ததுக்கே தேங்காவா” என்றான். இரண்டு பேர் சிரித்தார்கள். தங்கச்சி சிரித்தவர்களைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள்.

“அண்ணா, நான் அதையா சொன்னேன்?”

அதுவும் எனக்கு மட்டும்தான் கேட்டது. நான் குனிந்து சாக்குகளை மடிக்க ஆரம்பித்தேன்.

மறுநாள் காலை செட்டில் இருந்த ஒரு பெண்ணைக் கூட்டிக்கொண்டு அவள் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனாள். பஸ் வரும்வரை நிற்கவில்லை, நடந்தே போனார்கள். அங்கே எழுதினார்கள். அவள் சொன்னபடியே எழுதினார்கள் என்றுதான் பின்னால் தெரிந்தது. பஞ்சாயத்து நோட்டையும் கேட்டு வாங்கினார்கள். ஒரு தாளில் அவள் பேச்சு, இன்னொரு தாளில் என் பேச்சு. இரண்டும் ஒரே கட்டாகக் கோர்ட்டுக்குப் போயின.

எனக்குச் சம்மன் வர மூன்று வருஷம் ஆனது. அது வந்த அன்று என் மனைவி கேட்டாள். “உண்மையில அந்தப் பொண்ணு இன்னாதான் சொல்லிச்சி?” நான் சம்மனை நாலாக மடித்தேன். “ஊருக்கே தொண்ட கிழிய கத்துற ஆளு. இதுக்கு மட்டும் தொண்டையில முள்ளு மாட்டிக்கிச்சா?” என்றாள். கொஞ்ச நேரம் கழித்துச் சொன்னேன். முழுதாகச் சொல்லவில்லை, பாதி வார்த்தை, மீதி கையைக் காட்டினேன். அவள் முறத்தைக் கீழே வைத்தாள். “பதினஞ்சு ஆம்பளைங்க நடுவுல அது நின்னு சொல்லிச்சி. நீ கட்டினவகிட்ட சொல்ல இவ்ளோ நேரம்” என்றாள். பிறகு இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

கொல்லைக்காரர் வீட்டுக்கே வந்தார். உட்காரவில்லை. “தலையாரி, உன்ன ஒண்ணும் பொய் சொல்லச் சொல்லல. நோட்டுல இருக்கறத சொல்லிட்டு வா. அது நீ சொன்னதுதான?” என்றார். அவர் சொன்னது சரி. அது நான் சொன்னதுதான்.

கோர்ட்டில் ஆட்களை வெளியே அனுப்பிவிட்டுத்தான் கேட்டார்கள். தங்கச்சி சுவரோரம் நின்றாள். அவள் சொன்னதை அப்படியே சொல்லச் சொன்னார்கள். சொன்னேன். ஒரு வார்த்தை விடாமல் சொன்னேன். இவ்வளவு சுலபமா என்று எனக்கே இருந்தது. பிறகு மேஸ்திரி தரப்பு வக்கீல் எழுந்தார். அப்படியானால் பஞ்சாயத்தில் ஏன் வேறு மாதிரி சொன்னாய் என்றார். வெட்கமாக இருந்தது என்றேன். யாருக்கு என்றார். எனக்குங்க என்றேன். அன்றைக்குச் சொன்னது பொய்யா, இன்றைக்குச் சொல்வது பொய்யா என்றார். அன்றைக்குச் சொன்னது என்றேன். பொய் சொல்கிற ஆள் என்று நீயே ஒத்துக்கொள்கிறாய் என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார்.

மேஸ்திரிக்கு விடுதலை ஆனது. காரணம் இன்னும் நாலைந்து சொன்னார்கள். எனக்கு விளங்கியது ஒன்றுதான்.

நான் சாட்சி சொன்ன அன்று வராந்தாவில் அவளைப் பார்த்தேன். ஏதாவது திட்டுவாள் என்று நின்றேன். திட்டவில்லை. “சத்தமாத்தான் சொன்னீங்க. லேட்டா சொன்னீங்கண்ணா” என்றாள். அதற்குப் பிறகு அவள் கரும்பு வெட்ட இறங்கவே இல்லை. புருஷன் வேறு செட்டோடு போனவன் திரும்பவில்லை. மாமனார் வீட்டிலேயே இருந்து சாமையும் கேழ்வரகும் போட்டாள். பல வருஷம் கழித்து வெள்ளிமலைக்கு ஒரு வேலையாகப் போனபோது அவள் ஊருக்கும் போனேன். கட்டிலைக் காட்டி உட்காரச் சொன்னாள். அந்த நாளைப் பற்றி நான் கேட்கவில்லை, அவளாகச் சொன்னாள். “நிக்க வெச்சி கேட்டா கொஞ்சம்தாண்ணா வாயில வரும். மீதி உள்ளயே நின்னுகினு இருக்கும்.” அந்த மீதி என்னவென்று நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. இப்போது அவள் உயிரோடு இல்லை.

கோர்ட்டு முடிந்ததும் பெரியதனக்காரரிடம் போய்ச் சொன்னேன். “பொம்பளைங்க பேச்ச இனிமே நான் திருப்பிச் சொல்ல மாட்டேங்க. அவங்களே சொல்லட்டும். உக்காந்து சொல்லட்டும்.” அவர், “இன்னாடா, கோர்ட்டுத் தண்ணி ஒத்துக்கலையா?” என்றார். நடுவில் நிற்கிற வேலைக்கு வேறு ஆளை வைத்தார்கள். அவனும் என்னையும் என் அப்பாவையும் போலத்தான் சொன்னான். எங்கள் ஊரில் அந்த வருஷங்களில் கையைப் பிடித்து இழுத்த கேஸ்கள் ஜாஸ்தி. அதற்கு மேல் எதுவும் நடந்ததாக நோட்டில் இல்லை. அந்த நோட்டைப் படிக்கிறவன் எங்கள் ஊரை நல்ல ஊர் என்று நினைப்பான்.

அதை மாற்றியது நான் இல்லை. ஒரு தடவை ஒரு பெண்ணைப் பஞ்சாயத்துக்குக் கூப்பிட்டபோது என் மனைவி இன்னும் மூன்று பேரைக் கூட்டிக்கொண்டு போய் அவள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துவிட்டாள். ஆண்களுக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை. “உங்கள யாரு கூப்டது?” என்றார் தர்மகர்த்தா. “யாரும் கூப்புடல. கேக்க வந்தோம்” என்றாள். வீட்டுக்கு வருகிற பெண்களிடமும் அவள் எங்கே, எப்போது, ஏன் கத்தவில்லை என்று கேட்க மாட்டாள். தண்ணீர் கொடுப்பாள். அவர்களாகப் பேசும்வரை அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருப்பாள். சில பேர் பேசாமலே எழுந்து போனார்கள். அதில் ஒருத்தி ஏழு மாதம் கழித்து வந்து பேசினாள்.

போன மாதம் சமுதாயக் கூடத்தில் ஊர்க் கூட்டம். கச்சிராயபாளையத்தில் துணிக்கடையில் வேலை பார்க்கிற பெண் வந்தாள். இருபத்தைந்து வயது. ஊர்ப் பையன் ஒருவன் மேல் ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்துவிட்டாள். ஊர் வேறு மாதிரி பேசுகிறது என்பதால் எல்லார் முன்னாலும் தானே சொல்கிறேன் என்று வந்தாள். கூடம் நிறைந்திருந்தது. முன்வரிசையில் இருந்த ஒருவர் பழைய ஞாபகத்தில், “தலையாரி, நீ கேட்டு சொல்லேன்” என்றார். எனக்குக் காது மந்தமாகிவிட்டது. அதனால்தான் மறுத்தேன் என்று அவர் நினைத்திருப்பார்.

சுவரோரம் அடுக்கியிருந்த பிளாஸ்டிக் நாற்காலிகளில் ஒன்றை எடுத்துக்கொண்டு போய் அவளுக்குப் போட்டேன். உட்கார்ந்தாள். நான் பின்னால் போய் நின்றேன். ஓடிக்கொண்டிருந்த ஃபேனை என் மனைவி நிறுத்தினாள்.

அந்தப் பெண் தன் வாயால் சொன்னாள். எனக்கே கேட்டது. அவள் சொல்லச் சொல்ல முன்வரிசையில் ஒருவர் எழுந்து வேட்டியை உதறிக்கொண்டு வெளியே போனார். பிறகு இரண்டு பேர். பிறகு ஒரு வரிசையே போனது. அந்தப் பையனின் சித்தப்பா வாசலில் நின்று இருமினார். அவள் நிறுத்தவில்லை. சொல்லி முடித்தபோது கூடத்தில் நாற்காலிகள்தான் ஜாஸ்தி.

பழக்கம் விடவில்லை. கடைசிவரை இருந்தவர்களை எண்ணினேன்.

இருபத்து மூன்று.