மரைக்குட்டிக்குக் கொடுத்த கடைசிப் பால்

ஹுன்னஸ்கிரியவில் ஒரு தேயிலைத் தோட்டப் பாடசாலையில் நான் ஆசிரியை. கண்டியில் கடை வேலைக்குப் போக முதல் பஸ் பிடிக்கக் கிளம்பிய என் வீட்டுக்காரர், ஒருநாள் அரை மணித்தியாலத்திலேயே திரும்பி வந்தார். கையில் நடுங்கிக்கொண்டு ஒரு மரைமான் குட்டி. காட்டோரத்தில் யாரோ பன்றிக்கு வைத்த சுருக்குக் கம்பியில் தாய் மரை செத்துக் கிடந்ததாம்.

"என்னங்க, இத வச்சு நான் என்ன பண்றது?" என்று எரிந்து விழுந்தேன். பிள்ளை இல்லாத வீடு. அந்த எரிச்சல் சாயங்காலம் வரைகூடத் தாங்கவில்லை.

பால்மாவைக் கரைத்துச் சூப்பிப் போத்தலில் கொடுத்தேன். வனஜீவராசி அதிகாரி வந்து பார்த்தார். புல் மேயும் வரை நீங்களே வைத்திருங்கள், பிறகு காட்டில் விடுவோம் என்றார். ஏழெட்டு மாதம் எங்களோடு இருந்தது. பறித்த கொழுந்தை எடை போட்டுவிட்டு வரும் பெண்கள் ஆளுக்கொரு ரொட்டித் துண்டை நீட்டிவிட்டுத்தான் லயத்து வீடுகளுக்குப் போவார்கள். யாரைக் கண்டாலும் கிட்டே போய் நிற்கும். எனக்கு அதில் பெருமை வேறு. இப்போது என் தலையில் நானே குட்டிக்கொள்ளத் தோன்றுகிறது.

விடுவதற்கு முன், என்னை அம்மா என்பதற்குச் சிங்களத்தில் நோனா என்றே கூப்பிடும் அதிகாரி கண்டிப்பாகச் சொன்னார். "நோனா, ரெண்டு நாள் பால் குடுக்க வேணாம். பசி வந்தாத்தான் காட்டுல தேடும். ஆள்கிட்ட வந்தா இது செத்துப் போகும்."

தலையாட்டினேன். ஆனால் எங்கள் பக்கம் பயணம் போகிறவரை வெறும் வயிற்றோடு அனுப்புவதில்லை. மாமியாரோடு சண்டை போட்டுக்கொண்டு நான் அம்மா வீட்டுக்குக் கிளம்பிய அன்றும், அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டே சோறு போட்டுத்தான் அனுப்பினார். இதை மட்டும் எப்படிப் பட்டினி போடுவது? காட்டில் விடும் அன்று விடிந்ததும் அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டு போத்தல் போத்தலாகக் கொடுத்தேன். அதிகாரியிடம் மூச்சு விடவில்லை.

காட்டில் ஜீப்பிலிருந்து இறக்கிவிட்டபோது அது புல்லை மோந்துகூடப் பார்க்கவில்லை. வயிறு நிறைந்த பிராணி, படுத்து அசைபோட்டது. மறுநாள் மத்தியானம் எங்கள் வாசலில் நின்றது.

இனிக் கல்லெறிந்துதான் துரத்த வேண்டும் என்றார் அதிகாரி. அவர் எறிந்தார், வீட்டுக்காரர் எறிந்தார். அது என் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றுகொண்டது.

"நீங்கதான் எறியணும், நோனா."

எறிந்தேன். முதல் கல்லை மோந்து பார்த்தது. இரண்டாவது கண்ணுக்குக் கீழே பட்டது. ஒருமுறை என்னைப் பார்த்துவிட்டு ஓடியது. அன்று முழுக்க அழுதேன். ஆனாலும் அதற்கு மனுஷரிடம் பயம் வந்துவிட்டது, இனிப் பிழைத்துக்கொள்ளும் என்று மனதைத் தேற்றிக்கொண்டேன்.

மூன்று வாரம் இருக்கும். தூரத்துத் தோட்டத்திலிருந்து படிக்க வரும் ஒரு பிள்ளையின் அம்மா, சேலைத் தலைப்பில் மறைத்து ஒரு கிண்ணம் கொண்டுவந்தார். எங்கள் வீட்டு மரையைப் பற்றி அவருக்கு ஒன்றும் தெரியாது.

"மரை இறைச்சி டீச்சர். வெளிய சொல்லிறாதீங்க. விறகுக்குப் போன எங்க ஆளுங்ககிட்ட அதுவா வந்து நின்னுச்சாம். கழுத்தப் புடிச்சாக்கூட ஓடலையாம்."

கிண்ணத்தை வாங்கிக்கொண்டேன். என் கல் அதற்கு என்னிடம் மட்டும்தான் பயத்தைக் கற்றுக்கொடுத்திருக்கிறது. மற்ற எல்லாரையும் அது கடைசிவரை நம்பியிருக்கிறது.